உதடு காட்டிய திசை

அத்தியாயம் நான்கு

தோற்றுப்போனவள் வீட்டுக்கு யாராவது பன்றித் தொடை கொண்டுபோய்க் கொடுப்பார்களா?

இந்தக் கேள்வியைக் கேட்டுவிட்டு, டோர்க்காஸ் மடியில் வைத்துப் பின்னிக்கொண்டிருந்த நூல் பையில் இன்னொரு முடிச்சுப் போட்டாள். யோசிக்கும்போது அவளுக்குக் கை சும்மா இருக்காது. போலீஸில் சார்ஜெண்டாக இருந்து ஓய்வு பெற்ற பிறகு, கடலோர லே நகரத்துக் கடைவீதியில் பொரித்த மீன் கடைக்கு மேலே ஓர் அறையைப் பிடித்து, அரசாங்க ஊழியர்களின் தகராறுகளைத் துப்பறிந்துகொண்டிருந்தாள். சங்கத்துக்காரர்கள் இது தேறாது என்று கைவிட்ட வழக்கெல்லாம் மாடிப்படி ஏறி அவளிடம் வரும். வருகிறவர்கள் அழுதுகொண்டே வருவார்கள். போகும்போது மீன் வாசனையோடு போவார்கள்.

எதிரில் உட்கார்ந்திருந்த கேயாம் தாலிங் அழவில்லை. அழுகையெல்லாம் போன வாரமே தீர்ந்துவிட்டது என்று வந்ததுமே சொல்லிவிட்டாள்.

கேயாமுக்குக் கரையோரப் படகுத் துறையில் வேலை. கடலுக்குப் போகும் படகுகளில் ஏறி, எத்தனை பேரை ஏற்றலாம், மிதவைச் சட்டை இருக்கிறதா, எஞ்சின் ஊர் போய்ச் சேருமா என்று பார்க்கிற மூத்த தணிக்கையாளர் நாற்காலியில் ஆறு வருடமாகத் தற்காலிகமாக உட்கார்ந்திருந்தாள். அந்தத் தற்காலிகத்துக்குள் அவள் பையன் பள்ளிக்கூடத்தில் சேர்ந்து, மீசை முளைக்கிற வயதுக்கு வந்துவிட்டான்.

போன மாதம் ஒருவழியாக அந்த இடத்துக்கு நேர்முகத் தேர்வு நடந்தது. போட்டியில் இரண்டே பேர். ஒன்று கேயாம். இன்னொன்று அதே அலுவலகத்தில் கணக்குப் பிரிவில் இருந்த பெனினா. தலைநகரிலிருந்து முடிவு வந்தபோது அதில் பெனினாவின் பெயர் இருந்தது. திங்கட்கிழமை முதல் கேயாம் பழைய மேஜைக்குத் திரும்ப வேண்டும். துறைமுகத்துக்குப் பக்கத்தில் பதவியோடு சேர்த்துக் கொடுத்திருந்த வீட்டையும் காலி செய்ய வேண்டும். மேல்முறையீடு செய்யலாம். ஆனால் இன்று நாலு மணிக்குள் செய்ய வேண்டும், அதற்கு ஒரு காரணமும் வேண்டும். நான்தான் நன்றாக வேலை செய்கிறேன் என்பது காரணம் ஆகாதாம். அதைத்தான் எல்லோரும் எழுதுகிறார்களாம்.

பன்றித் தொடை சமாச்சாரத்தைக் கேயாம் போகிற போக்கில்தான் சொன்னாள். நேர்முகத் தேர்வு நடந்த அன்று சாயங்காலம், தேர்வுக் குழுத் தலைவரின் மனைவி வாழையிலையில் சுற்றிய தொடையை வாசல்படியில் வைத்து, இனிமேலாவது நிம்மதியாகத் தூங்கு என்று சொல்லிவிட்டுப் போனாளாம். குடும்பமே உட்கார்ந்து சாப்பிட்டார்கள். முடிவு வந்த பிறகுதான் அது தொண்டையில் சிக்கியது.

"சாவு வீடுன்னா அரிசி மூட்டை, டின் மீன். கல்யாணம், பதவின்னா பன்னி," என்றான் சைலஸ். "இதுகூடத் தெரியாம லேயில யாராவது குடும்பம் நடத்த முடியுமா, பாஸ்?"

சைலஸ் டோர்க்காஸின் உதவியாளன். நாற்பது வயது. அதில் பாதியைப் பஸ் கண்டக்டராகக் கழித்தவன். வருடக்கணக்கில் பஸ் படியில் தொங்கிப் பழகியதால் எந்த அறையிலும் அவனுக்கு உட்கார வராது. கதவு நிலையைப் பிடித்துக்கொண்டுதான் நிற்பான்.

"குழுத் தலைவர் யாரு?" என்று டோர்க்காஸ் கேட்டாள்.

"எங்க ஆபீஸ் தலைவர்தான், அக்கா. எப்பவும் அவர்தான்."

"பிலேமோன் அவாசாவா?" என்றான் சைலஸ். "வெள்ளிக்கிழமையானா பூப்போட்ட சட்டை போட்டுக்கிட்டு வருவாரே, அவரா?"

கேயாம் புருவத்தைத் தூக்கி ஆமாம் என்றாள்.

டோர்க்காஸ் எழுந்து நூல் பையைத் தோளில் மாட்டிக்கொண்டாள். புருஷன் வீட்டுக்குப் போய் என்ன சொன்னானோ அதை வைத்துத்தான் பொண்டாட்டி இலையில் சுற்றிக் கொண்டுவருவாள் என்றாள். அன்று சாயங்காலம்வரைக்கும் கேயாம் ஜெயித்திருக்கிறாள். தேர்வு அறைக்கும் தலைநகருக்கும் நடுவில் எங்கேயோ தோற்றிருக்கிறாள். அந்த நடுவில் யார் இருந்தது என்பதுதான் கேள்வி.

கேயாம் சொன்ன பெயர் ப்ரிஸ்கா. தேர்வு முடிவைத் தட்டச்சு செய்தது அந்தப் பெண்தான். நியூ அயர்லாந்து தீவிலிருந்து வந்து மூன்று மாதம் ஆகிறது. இன்னும் வேலை நிரந்தரம் ஆகவில்லை.

பஸ்ஸில் போகும்போது சைலஸ் வழக்கையே முடித்துவிட்டான். குண்டும் குழியுமான சாலையில் ஒரு குழிக்கு ஒரு சாட்சியாகக் கண்டுபிடித்துக்கொண்டே வந்தான். பெனினாவும் ப்ரிஸ்காவும் மத்தியானம் ஒன்றாகச் சாப்பிடுகிறார்களாம். பெனினாதான் தினமும் கிழங்கு கொண்டுவருகிறாளாம். கிழங்கைக் கொடுத்துப் பெயரை மாற்றிவிட்டாள், அவ்வளவுதான். கிழங்குக்குப் பதவி என்றால் லேயில் எல்லோரும் இயக்குநர்தான் என்று கேயாமே சொல்லிவிட்டாள். வந்ததிலிருந்து அவள் சிரித்தது அப்போதுதான்.

அலுவலகம் ஒட்டுப்பலகைச் சுவர் வைத்த பழைய கட்டடம். முன்னறையில் ப்ரிஸ்கா கம்ப்யூட்டருக்குப் பின்னால் பாதி மறைந்து உட்கார்ந்திருந்தாள். டோர்க்காஸைப் பார்த்ததும் மீதிப் பாதியும் மறைந்தது. கேயாம் உள்ளே வரவில்லை. தாழ்வாரத்திலேயே நின்றுகொண்டாள்.

டோர்க்காஸ் அதட்டவில்லை. போலீஸில் இருந்தபோது அதட்டிய அதட்டலெல்லாம் போதும் என்று விட்டுவிட்டவள். தேர்வு முடிந்ததும் என்ன நடந்தது என்று மட்டும் கேட்டாள். ப்ரிஸ்கா சொன்னது இதுதான். குழுவில் மூன்று பேர். தலைநகரிலிருந்து வந்த இரண்டு பேரும், மழையில் சாலை மூழ்கிவிடும், விமானம் போய்விடும் என்று பறந்தார்கள். வெள்ளைத் தாளில் கையெழுத்தை மட்டும் போட்டுக் கொடுத்துவிட்டு ஓடிவிட்டார்கள். முடிவைத் தலைவர் சொல்வார், நீ அடித்துக்கொள் என்றார்கள். தலைவர் உள்ளறையிலிருந்து வந்து வாசலில் நின்றார். யார் பெயரை அடிக்க வேண்டும் என்று அவள் கேட்டாள்.

"என்ன பேரு சொன்னார்?"

"பேரு சொல்லல, அக்கா. அதோ அவங்கதான்னு ஜன்னல் பக்கம் உதட்டைக் காட்டினார். பார்த்தேன். பெனினா அக்கா நின்னுக்கிட்டிருந்தாங்க. அந்த அக்காவான்னு கேட்டேன். புருவத்தைத் தூக்கினார். அடிச்சேன். வாங்கிக் கையெழுத்துப் போட்டார்."

"படிச்சுப் பார்த்தாரா?"

அன்றைக்குக் காலையில்தான் தலைவர் தன் கண்ணாடி மேலேயே உட்கார்ந்து அதை உடைத்திருந்தாராம். எழுத்து எறும்பு போலத் தெரிகிறது என்று சொல்லிக்கொண்டே கையெழுத்துப் போட்டாராம்.

ப்ரிஸ்காவுக்கு இதில் ஒன்றும் வித்தியாசமாகத் தெரியவில்லை. லேயில் யார்தான் விரலை நீட்டி ஆளைக் காட்டுகிறார்கள்? பக்கத்தில் இருந்தால் முகவாய், தூரத்தில் இருந்தால் உதடு. ஆறு தெரு தள்ளியிருக்கும் வீட்டுக்கு உதட்டாலேயே வழி சொல்லிவிடுவார்கள்.

டோர்க்காஸ் ஜன்னலைப் பார்த்தாள். வெளியே மழை. முற்றத்து நடுவில் ஒரு பெரிய மழைமரம். வாசல் கேட்டை ஒட்டிப் பாக்கு விற்கிற அம்மாளின் குடை. மரத்துக்கு அந்தப் பக்கம் ஒரு மரப் பெஞ்சு. அன்றைக்குத் தேர்வு முடிந்ததும் எங்கே போனாய் என்று தாழ்வாரத்தைப் பார்த்துக் குரல் கொடுத்தாள். பெஞ்சில்தான் உட்கார்ந்திருந்தேன் என்று பதில் வந்தது.

"சைலஸ், போய் அந்தப் பெஞ்சுல உக்காரு."

"எனக்கு உக்கார வராது, பாஸ்."

"அப்ப நில்லு. மழையில நனையறதுக்கு ரெண்டும் ஒண்ணுதான்."

சைலஸ் நனைந்துகொண்டே போனான். டோர்க்காஸ் உள்ளறை வாசலில், தலைவர் நின்ற இடத்தில் நின்றாள். அங்கிருந்து பார்த்தால் பெஞ்சும் சைலஸும் பளிச்சென்று தெரிந்தார்கள். துப்பாக்கியால் குறி பார்ப்பதுபோல் ஒரு கண்ணை மூடி, உதட்டைக் குவித்துச் சைலஸ் மேல் காட்டினாள். அப்படியே அசையாமல், இப்போது யார் தெரிகிறது என்று ப்ரிஸ்காவைக் கேட்டாள்.

ப்ரிஸ்கா தன் நாற்காலியில் இருந்தபடியே எட்டிப் பார்த்தாள். "மரம் தெரியுது. மரத்துக்கு இந்தப் பக்கம் பாக்குக்கார அம்மா தெரியறாங்க."

"சைலஸ்?"

"சைலஸ் அண்ணன் எங்க?"

டோர்க்காஸ் போய் ப்ரிஸ்காவின் நாற்காலியில் உட்கார்ந்து பார்த்தாள். அந்த இடத்திலிருந்து பெஞ்சை மழைமரம் முழுசாக முழுங்கியிருந்தது. உதடு காட்டிய திசையில் கண்ணுக்குத் தெரிகிற ஒரே இடம் பாக்குக் கடைதான். அன்றைக்கு அங்கே நின்று பாக்கு வாங்கிக்கொண்டிருந்தது பெனினா.

உள்ளே வந்து தலையைத் துவட்டிக்கொண்ட சைலஸிடம் விஷயத்தைச் சொன்னார்கள். அவன் கொஞ்ச நேரம் ஜன்னலையே பார்த்தான்.

"அப்ப பெனினா பாக்கு வாங்கப் போகாம இருந்திருந்தா, இந்த மாகாணத்துப் படகையெல்லாம் பாக்குக்கார அம்மாதான் தணிக்கை பண்ணியிருப்பாங்க," என்றான்.

ப்ரிஸ்கா சிரிக்கவில்லை. தான் அடித்தது தப்பான பெயர் என்று அவளுக்கு அப்போதுதான் உறைத்தது. விசைப்பலகையிலிருந்து கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

டோர்க்காஸுக்கு இன்னும் திருப்தி இல்லை. உதட்டால் காட்டுவது எல்லோருக்கும் வழக்கம்தான். ஆனால் ஆறு வருடத்து நாற்காலி யாருக்கு என்று முடிவு சொல்லும்போது, இரண்டு எழுத்தோ மூன்று எழுத்தோ, ஒரு பெயரை வாயால் சொல்லிவிட்டுப் போவதில் என்ன சிரமம்?

அந்த நேரம் பிலேமோன் அவாசாவே வந்துசேர்ந்தார். பூப்போட்ட சட்டை, புதுக் கண்ணாடி, கன்னத்தில் பாக்கு. குடையை மடக்குவதற்குள் அலுவலகம் முழுக்கப் பெயராக நிரம்பிவிட்டது. ப்ரிஸ்கா, தபால் வந்ததா? பெனினா, கணக்கை எடுத்துக்கொண்டு வா. ஏய் மல்காய், அந்த வாளியை ஒழுகுகிற இடத்தில் வை. அவருக்குப் பெயர் சொல்லிக் கூப்பிடுவது அவ்வளவு பிடித்திருந்தது. திரும்பியபோது தாழ்வாரத்தில் நின்ற கேயாம் கண்ணில் பட்டாள். வாய் திறந்து, பாக்கை ஒதுக்கி, மூடிக்கொண்டது. அந்தம்மா எதற்கு மழையில் நிற்கிறார்கள், உள்ளே வரச் சொல்லுங்கள் என்று சுவரிடம் சொல்லிவிட்டு அறைக்குள் போய்விட்டார்.

"பார்த்தியா?" என்றாள் டோர்க்காஸ்.

"வாளிக்காரனுக்குக்கூட பேர் இருக்கு, ஆறு வருஷமா வேலை பார்க்கறவங்க மட்டும் அந்தம்மாவா?" என்றான் சைலஸ். "எங்க பஸ்ல ஒரு பெரியவர் இப்படித்தான். அவர் இறங்கற ஸ்டாப்புக்கும் அவர் மாமனாருக்கும் ஒரே பேரு. செத்தாலும் வாயால சொல்ல மாட்டார். ஸ்டாப் வந்தா காலால தரையை உதைப்பார். நான் கண்டுக்காத மாதிரி நிப்பேன். தினமும் ரெண்டு ஸ்டாப் தள்ளிப் போய் இறங்கி, என்னைத் திட்டிக்கிட்டே நடந்து வரு..."

அவன் வாய் பாதியிலேயே நின்றது. டோர்க்காஸ் அதற்குள் தலைவரின் அறைக் கதவைத் தட்டிவிட்டாள்.

உள்ளே போய் அவள் வேறு எதுவும் கேட்கவில்லை. ஒரு பெயர் வேண்டும் என்றாள்.

"இந்த ஆறு வருஷமா மூத்த தணிக்கையாளர் நாற்காலியில உக்காந்திருந்தது யாருங்க, ஐயா?"

"அவங்கதான்."

"எவங்க?"

"வெளிய நிக்கறாங்களே."

"வெளிய நாலு பேரு நிக்கறாங்க. பேரைச் சொல்லுங்க."

பிலேமோன் ஜன்னல் பக்கம் உதட்டைக் குவித்தார். டோர்க்காஸ் உதட்டைப் பார்க்க மறுத்தாள். உதட்டால் நடந்த கூத்து போதும் என்றாள். மனிதர் கண்ணாடியைக் கழற்றினார், துடைத்தார், மாட்டினார். மறுபடியும் கழற்றினார். நெற்றியில் வியர்வை முத்துமுத்தாகக் கிளம்பியது.

"என் தம்பி கட்டியிருக்கறது அவங்க அக்கா பொண்ணை," என்றார் கடைசியில். "மே மாசம் பின்ச்ஹாஃபன் ஊருக்குப் போய் பரிசம் குடுத்தோம். சம்பந்தி ஆயிட்டாங்க. பேரைச் சொன்னா பல்லு கொட்டிடும்னு எங்கம்மா சொல்லி வளர்த்தாங்க."

அவருக்குப் பாக்கிலேயே பாதிப் பல் கொட்டிவிட்டது என்பதைச் சைலஸ் சொல்ல வாயெடுத்தான். டோர்க்காஸ் பார்த்த பார்வையில் நிறுத்திக்கொண்டான்.

அதற்குப் பிறகு பிலேமோன் தானாகவே கொட்டினார். சொந்தக்காரர் போட்டியிட்டால் குழுவிலிருந்து விலக வேண்டும் என்ற விதி அவருக்குத் தெரியும். விலகினால் தலைநகரிலிருந்து இன்னொரு குழு கிளம்பி வர வேண்டும். அவர்கள் கிளம்புவதற்கு ஒரு வருடம் ஆகும். அந்தம்மா இன்னும் ஒரு வருடம் தற்காலிகமாகவே உட்கார்ந்திருக்க வேண்டும். நல்லது செய்வதாக நினைத்துத்தான் நடு நாற்காலியில் உட்கார்ந்தார். மற்ற இரண்டு பேரும் அந்தம்மாதான் தகுதியானவர் என்றார்கள். அவர் தலையை ஆட்டினார். தன் உதடு இப்படிக் குறி தவறும் என்று அவர் நினைக்கவில்லை. முடிவு வந்ததும் திடுக்கிட்டார். எப்படித் தப்பானது என்று சொல்லப்போனால், ஏன் பெயரைச் சொல்லவில்லை என்ற கேள்வி வரும். அதனால் வாயை மூடிக்கொண்டார்.

"இதுக்கு ஒரு வழி இருக்கு," என்று குரலைத் தாழ்த்தினார். "தட்டச்சுப் பிழைன்னு ஒரு வரி எழுதித் தர்றேன். இன்னிக்கே அனுப்பினா திங்கக்கிழமை திருத்தம் வந்துடும். யாருக்கும் ஒண்ணும் தெரியாது."

அடுத்த அறையில் விசைப்பலகைச் சத்தம் நின்றது. ஒட்டுப்பலகைச் சுவருக்குத் தாழ்த்திய குரலும் ஒன்றுதான், கத்திய குரலும் ஒன்றுதான்.

டோர்க்காஸ் கேயாமை உள்ளே கூப்பிட்டாள். கேயாம் வந்து தரையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். பிலேமோன் மேஜையைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். நடந்ததையெல்லாம் டோர்க்காஸ் சுருக்கமாகச் சொன்னாள். தலைவர் எழுதித் தருகிறேன் என்ற ஒரு வரியையும் சொன்னாள்.

கேயாம் தலையை நிமிர்த்தி டோர்க்காஸைக் கேட்டாள்.

"அப்ப திங்கக்கிழமை நான் மேஜை மாத்த வேண்டாமா?"

"வேண்டாம். வீட்டையும் காலி பண்ண வேண்டாம். ப்ரிஸ்காதான் ஊருக்குப் போற கப்பல் எப்பன்னு பார்க்கணும். நிரந்தரம் ஆகாத பொண்ணு. இவ்வளவு பெரிய பிழையைத் தலையில கட்டினா அன்னிக்கே வீட்டுக்கு அனுப்பிடுவாங்க."

"இன்னொரு வழி?"

"உள்ளதை உள்ளபடி சொல்றது. குழுவுல சொந்தக்காரர் இருந்தார்ங்கறது நல்ல காரணம். முடிவை ரத்து பண்ணிடுவாங்க. புதுக் குழு வரும். நீயும் பெனினாவும் மறுபடி போட்டி போடணும். நீ தோக்கவும் தோக்கலாம்."

சைலஸ் அந்த இரண்டாவது வழி பிடிக்காமல், தப்பு செய்தவர் தலைவர், தண்டனை மட்டும் கேயாமுக்கா என்று முணுமுணுத்தான். அதில் நியாயம் இருந்தது. அறையில் இருந்த எல்லோரும் அப்படித்தான் நினைத்தார்கள், டோர்க்காஸைத் தவிர.

"ஒண்ணு கேக்கறேன் கேயாம், கோவிச்சுக்காதே," என்றாள் அவள். "காலையிலேருந்து தலைவர் தலைவர்னே சொல்றே. எந்தத் தலைவர்னு கேட்டப்பவும் பேரைச் சொன்னது சைலஸ்தான். நீ புருவத்தைத்தான் தூக்கினே. உனக்கும் பல்லு மேல பயமா?"

சைலஸ் கதவு நிலையிலிருந்து கையை எடுத்துவிட்டான்.

கேயாமின் முகம் சிவக்கவில்லை, வெளுத்தது. மே மாதப் பரிசத்துக்கு அவள் போகவில்லை. படகுகளை விட்டுவிட்டுப் போக முடியவில்லை. ஆனால் அக்கா கூப்பிட்டுச் சொல்லியிருந்தாள். தேர்வு அறைக்குள் நுழைந்து, நடு நாற்காலியில் யார் உட்கார்ந்திருக்கிறார் என்று பார்த்த நிமிடமே அவளுக்குத் தெரியும். இவர் எனக்குச் சம்பந்தி, இவர் முன்னால் நான் பதில் சொல்லக் கூடாது என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும்.

"சொன்னா இன்னும் எத்தனை வருஷமோன்னு தோணிச்சு, அக்கா. ஆறு வருஷம் உக்காந்த இடம். வாய் வரல," என்றாள். "அவர் எனக்கு நல்லது பண்ணினார்னா, நான் அதை வேண்டாம்னு சொல்லலையே."

கதவுக்கு வெளியே ப்ரிஸ்கா நின்றிருந்தாள். ஒட்டுக்கேட்கவில்லை, ஒட்டுக்கேட்கத் தேவையும் இல்லை. கையில் ஒரு தாள் இருந்தது, வெறும் தாள். என்ன அடிக்கச் சொன்னாலும் அடித்துவிடுகிறேன் என்பதுபோல அதைப் பிடித்துக்கொண்டிருந்தாள். கேயாம் அந்தப் பெண்ணைப் பார்த்தாள். தாளைப் பார்த்தாள்.

"அதை உள்ள வை, ப்ரிஸ்கா," என்றாள். பிறகு பிலேமோன் இருந்த திசையைப் பார்க்காமலே, "மேல்முறையீட்டுக்குத் தலைவரும் கூட வரணும். நான் சொன்னா மட்டும் நம்ப மாட்டாங்க," என்றாள்.

பிலேமோன் குடையைத் தேடினார். அது கையிலேயே இருந்தது.

கேட்டைத் தாண்டும்போது பெனினா எதிரே வந்தாள். அந்த அலுவலகத்தில் எதுவும் அவளுக்குத் தெரியாமல் போகப்போவதில்லை. மல்காய் வாளியை வைத்துவிட்டு நேராக அவளிடம்தான் போயிருக்க வேண்டும். பெனினா வழியை மறித்து நின்று, கேயாமை மேலும் கீழும் பார்த்தாள்.

"மறுபடி தேர்வு வச்சா நானும் வருவேன். கணக்குத் தெரியாம படகு மட்டும் தெரிஞ்சா போதும்னு நினைக்காதே."

"வா," என்றாள் கேயாம். "ஆனா அன்னிக்கு மட்டும் பாக்குக் கடைப் பக்கம் நிக்காதே."

பெனினாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்கிக்கொண்டு வழிவிட்டாள்.

மேல்முறையீட்டு அலுவலகத்துக்கு அவர்கள் போய்ச் சேர்ந்தபோது ஜன்னல்களைச் சாத்த ஆரம்பித்திருந்தார்கள். மூலையில் ஒரு மேஜை மட்டும் இன்னும் திறந்திருந்தது. அங்கே இருந்த அதிகாரி ஒரு மாவு உருண்டையைத் தின்று முடிக்கும்வரை இவர்களை நிற்க வைத்தார். மேஜைக்குப் பக்கத்தில் ஒரு பழைய ஃபேன், உழவு எந்திரம் போலச் சத்தம் போட்டுக்கொண்டிருந்தது. சொந்தக்காரர் குழுவில் இருந்தார் என்று புகார் சொன்னால் இரண்டு பேரும் நேரில் வந்து வாயால் சொல்ல வேண்டும், தான் கேட்டு எழுதிக்கொள்ள வேண்டும், அதுதான் விதி என்றார். எழுதிக்கொண்டு வந்ததை நீட்டினால் வாங்க மாட்டாராம்.

டோர்க்காஸ் பின்னால் நகர்ந்து நின்றாள். இதற்கு மேல் துப்பறிய எதுவும் இல்லை.

"தேர்வுக் குழுவுல இருந்த ஒருத்தர் எனக்குச் சம்பந்தி முறை," என்று கேயாம் ஆரம்பித்தாள். "எனக்கு அது தெரியும். தெரிஞ்சும் நான் சொல்லல. அன்னிக்குச் சொல்லியிருக்கணும்."

"யாரு அந்த ஒருத்தர்?"

கேயாம் உதட்டைக் குவிக்கப் போனாள். பாதியில் நிறுத்திக்கொண்டாள். சைலஸ் கதவு நிலையை இறுகப் பிடித்தான். அவன் கண்டக்டராக இருந்த இருபது வருடத்தில், பஸ்ஸில் அந்தப் பெரியவர் ஒருநாள்கூட வாய் திறந்ததில்லை.

"பிலேமோன் அவாசா," என்றாள் கேயாம்.

பக்கத்தில் நின்ற மனிதர் லேசாக அடி வாங்கியதுபோலக் கண்ணை மூடித் திறந்தார். அவர் திட்டவில்லை. வெளியே போகவும் இல்லை. வாயிலிருந்த பாக்கைக் கைக்குட்டையில் துப்பி, மடித்து, பூப்போட்ட சட்டையின் பைக்குள் வைத்தார்.

"எனக்கும் தெரியும்," என்றார். "நான்தான் விலகியிருக்கணும். போட்டியில இருந்தது என் சம்பந்தி. கேயாம் தாலிங்."

சைலஸ் கதவு நிலையை விட்டுவிட்டுப் பக்கத்தில் இருந்த பெஞ்சில் உட்கார்ந்துவிட்டான். அவன் உதவியாளனாகச் சேர்ந்ததிலிருந்து இப்படி நடந்ததில்லை என்று டோர்க்காஸ் நினைத்துக்கொண்டாள்.

அதிகாரி காதுக்குப் பின்னால் கையை வைத்துக்கொண்டு முன்னால் குனிந்தார்.

"ஃபேன் சத்தத்துல ஒண்ணும் காதுல விழல. ரெண்டு பேரும் இன்னொரு தடவை சொல்லுங்க. கொஞ்சம் சத்தமா."

சைலஸ் ஃபேனை நிறுத்தப் போனான். கேயாம் வேண்டாம் என்று கை காட்டிவிட்டு, பிலேமோன் பக்கம் திரும்பி, இந்தத் தடவை அவர் முகத்தைப் பார்த்தே சொன்னாள்.